பாதித் திருகில் நின்ற செப்பு

சிப்பிமுனைக்காரர்களின் வலைகளில் மீனுக்குப் பதிலாகப் பித்தளைச் செப்புகள் ஏறிவந்த அந்த வைகாசிக் காலையில், கரையில் நின்ற யாரும் வாயைப் பிளக்கவில்லை. கடல் எதையும் கொடுக்கும், எதையும் எடுக்கும், கொடுத்ததற்குக் காரணம் கேட்க ஆரம்பித்தால் எடுத்ததற்கும் கேட்க வேண்டியிருக்கும் என்பது அங்கே பிறந்தவர்களுக்குத் தெரியும் என்பதால், பெண்கள் கூடைகளை இறக்கிவைத்து, சாளையையும் நெத்திலியையும் பிரிப்பதுபோலவே செப்புகளைப் பிரித்து, ஒட்டியிருந்த பாசியைச் சேலைத் தலைப்பால் துடைத்து, வீட்டுக்கு ஒன்றும் இரண்டுமாக எடுத்துப் போனார்கள். உள்ளங்கையில் அடங்குகிற உருண்டைச் செப்பு, மேலே ஒரு மூடி, அடியில் ஒரு திருகு. கம்மல் போட்டுவைக்கலாம் என்றார்கள் சிலர், மூக்குப்பொடி வைக்கலாம் என்றார்கள் சிலர்.

அது நினைப்பைப் பிடிக்கிற சாமான் என்பது டீக்கடை லூக்காஸால் தெரியவந்தது. அவர் தன் செப்பைத் திறந்து அடுப்புப் பக்கம் வைத்துவிட்டு வேலையைப் பார்த்துக்கொண்டிருந்தார், திருகு வலப்பக்கம் திரும்பியிருந்தது. டீ குடிக்க வந்த ஊர்த்தலைவர் சிலுவைராசா கை சும்மா இருக்கமாட்டாமல் அதை எடுத்துத் திருகை இடப்பக்கம் திருப்பி, வண்டு இரைகிற மாதிரி கேட்கிறதே என்று காதில் வைத்தபோது, 'இந்த மனுசன் பேசிப் பேசியே டீயை ஆறவைக்கான், ஆறிப்போச்சுன்னு கடைசியில என்னையத்தான் வையப் போறான்' என்று அவருடைய தலைக்குள்ளேயே யாரோ சொன்னார்கள். சிலுவைராசா டீயை ஒரே மடக்கில் குடித்து, நல்ல சூடு என்று சத்தமாகச் சொல்லிவிட்டு இறங்கிப் போனார். சாயங்காலத்துக்குள் ஊர் முழுக்கத் திருகைத் திருப்பிப் பார்த்துவிட்டது.

வலப்பக்கம் திருகினால் பக்கத்தில் இருப்பவரின் நினைப்பை வாங்கும், இடப்பக்கம் திருகினால் வாங்கியதைத் திருப்பிக் கொடுக்கும். ஒரு பகல்பொழுது நினைப்பைத்தான் ஒரு செப்பு கொள்ளும். அதற்குமேல் புதிது உள்ளே போகப் போக, முதலில் போனது முதலில் வெளியேறிக் காற்றோடு கலந்துவிடும். நினைப்புக்குக் குரல் கிடையாது, கேட்கிறவருடைய மனசின் குரலிலேயே கேட்கும் என்பதால் நினைத்தது ஆணா பெண்ணா, கிழமா குமரா என்று கண்டுபிடிக்க முடியாது. பேரும் இருக்காது. யாரும் தன் வீட்டு ஆட்களை மனசுக்குள் பேர் சொல்லி நினைப்பதில்லை, அவ, அவன், அது என்றுதான் நினைக்கிறார்கள் என்பதைச் சிப்பிமுனை அப்போதுதான் தெரிந்துகொண்டது. நினைப்பில் பொய் சொல்ல வராது என்பதைத் தெரிந்துகொள்ளத்தான் கொஞ்சம் நாள் பிடித்தது, அதற்குள் சில வீடுகளில் தட்டுமுட்டுச் சாமான்கள் தெருவுக்கு வந்துவிட்டன.

பாவசங்கீர்த்தனத்துக்கு வரிசையில் நிற்க நேரமில்லாதவர்கள் செப்பைக் கொண்டுபோய்ப் பங்குச் சாமியாரிடம் கொடுத்துவிட்டு வேலைக்குப் போனார்கள். கூடை நிறையச் செப்புகளோடு உட்கார்ந்து கேட்ட சாமியார் தலைவலி வந்து படுத்தவர், ஞாயிற்றுக்கிழமைப் பிரசங்கத்தில், "பாவத்தை மட்டும் கொண்டு வாங்க மக்களே, நெனப்பு முழுசையும் கொண்டுவந்து கொட்டினா நான் எங்கே போவேன்?" என்று கும்பிட்டுக் கேட்டுக்கொண்டார். பெண் பார்க்கப் போனவர்கள் பூவுக்கும் பழத்துக்கும் பதிலாகச் செப்பு மாற்றிக்கொள்ள, அந்தப் பருவத்தில் ஒரு கல்யாணம்கூடக் கூடிவரவில்லை. பிறகு ஊர்க்கமிட்டி கூடி, சம்பந்தம் பேசும் வீட்டில் செப்பு திறக்கக் கூடாது, இழவு வீட்டில் திறக்கக் கூடாது, மாமியாரும் மருமகளும் ஒரே செப்பைப் பயன்படுத்தக் கூடாது என்று முடிவு கட்டியது. கொஞ்ச காலத்தில் அதுவும் பழகிப்போனது. வீட்டுக்கு ஆள் வந்தால் செப்பை மூடிக் கண்ணில் படுகிற இடத்தில் வைப்பது மரியாதை என்றானது, தெருவில் பார்த்துக்கொண்டால் "சாப்பிட்டாச்சா?" என்பதற்குப் பதிலாக "மூடியாச்சா?" என்று கேட்பது வழக்கமானது.

ரெஜினாள் கருவாட்டுக்காரி. ஊரின் தெற்கு முனையில், மணல் மேட்டுக்கு அந்தப் பக்கம், மீனைக் கீறி உப்பிட்டுக் காயவைக்கும் களம் அவளுடையது. அவள் புருசன் கஸ்பார் சொந்த வள்ளத்தில் கடலுக்குப் போகிறவன், பேச்சு குறைவு, கேட்டால் பதில் சொல்வான், அதுவும் இரண்டு தரம் கேட்டால். பிள்ளையில்லாத வீடு. மற்ற வீட்டுப் பெண்களைப்போல அவளும் புருசன் மடியில் ஒரு செப்பைக் கட்டி அனுப்பி, அவன் கரை வந்து குளித்துச் சாப்பிடுகிற நேரத்தில் திருகை இடப்பக்கம் திருப்பிக் காதில் வைப்பாள். 'தண்ணி நீலம். இங்க பச்சை. நீரோட்டம் மாறுது. பசிக்குது. தண்ணி நீலம்.' அவ்வளவுதான் இருக்கும். ஒருநாள் பொறுக்கமாட்டாமல் கேட்டேவிட்டாள்.

"காலையில இருந்து சாயங்காலம் வரைக்கும் ஒருதடவையாவது என்னைய நெனைச்சியளா?"

கஸ்பார் சோற்றிலிருந்து முள்ளை எடுத்து ஓரம் வைத்தான். "தண்ணி நீலம்னு நெனைக்கும்போது உன்னையுஞ் சேத்துதான் நெனைக்கேன். தனியா எதுக்கு?"

இது பிரியமா சோம்பேறித்தனமா என்று ரெஜினாளுக்குப் பிடிபடவில்லை. பிடிபடட்டும், அதற்கென்ன அவசரம் என்று இருந்துவிட்டாள்.

ஐப்பசியில் காற்று திரும்பியது. பொடியனாக இருந்தபோதிலிருந்தே கஸ்பாரோடு கடலுக்குப் போகிற வியான்னி, பக்கத்துத் தெரு சலேத்தம்மாளின் ஒரே மகன், மாதாகோயில் திருவிழாவுக்குப் பிறகுதான் கல்யாணம் ஆனவன், பெண்டாட்டி ஜெசிந்தாவின் கழுத்தில் மஞ்சள்கூட வெளுக்கவில்லை. இருவரும் விடியலில் போனார்கள், மழை வந்தது, போனவர்கள் திரும்பவில்லை. மற்ற வள்ளக்காரர்கள் கடலைச் சலித்துத் தேடி, தெற்கே வெகுதூரத்தில் கஸ்பாரின் வள்ளம் குப்புறக் கிடந்ததைக் கண்டு இழுத்துவந்தார்கள். ஆட்கள் இல்லை. நங்கூரக் கயிற்றில், இறுக்கி முடிச்சுப் போட்டுக் கட்டப்பட்டிருந்தது ஒரு செப்பு. ஒன்றே ஒன்று.

எல்லாச் செப்பும் ஒரே மாதிரி. யார் கட்டியது என்று யார் சொல்வது? உப்புத்தண்ணீர் புகுந்து அதன் திருகு வலமும் இல்லாமல் இடமும் இல்லாமல் பாதியில் இறுகி நின்றுவிட்டிருந்தது. மூடியைத் திறந்து காதில் வைத்தால் அது கொடுக்கவும் செய்தது, கூடவே கேட்பவரின் நினைப்பை வாங்கவும் செய்தது.

கரையில், ஈர மணலில், முதலில் ரெஜினாள் கேட்டாள். 'அலை கறுப்பா வருது. கால் மரத்துப் போச்சு. பசிக்குது. அவ ஈரத்துணியை உள்ள எடுத்துப் போட்டிருப்பாளா. வெளிச்சம் தெரியுது. இல்ல, தெரியல. அவ கோபமாத்தான் இருப்பா. கயிறை விடாத. விடாத.' பிறகு வார்த்தை இல்லாத ஒரு மெட்டு, கோயில் பாட்டா தாலாட்டா என்று சொல்ல முடியாத மெட்டு, அதற்குப் பிறகு தண்ணீர்.

"அவுகதான்," என்றாள் ரெஜினாள். "எங்க வீட்டுக் கொடியில துணி கிடந்துச்சு."

சலேத்தம்மாள் செப்பைப் பிடுங்கித் தன் காதில் வைத்தாள். "எம்மவன்தான் இது. துணி எந்த வீட்டுல இல்ல? கோபமாத்தான் இருப்பான்னு சொல்லுதானே, நான்தானே அன்னைக்குக் காலையில கத்தினேன், மழை வருது போகாதன்னு?"

"அம்மாவைப் போயி யாராவது 'அவ'ன்னு நெனைப்பாங்களா மதினி?"

"எம்மவன் நெனைப்பான். வாயிலதான் அம்மா, மனசுக்குள்ள அவதான். நான் அவன் செப்பைக் கேட்டிருக்கேன், உனக்கு என்ன தெரியும்?"

ஜெசிந்தா தள்ளி நின்றாள். அவளிடம் செப்பைக் கொடுக்க யாருக்கும் தோன்றவில்லை, அவளும் கேட்கவில்லை.

கோயில் முற்றத்தில் கமிட்டி கூடியது. ஆளாளுக்கு ஒன்று சொன்னார்கள். கடைசியில் சிலுவைராசா, பூசைக்கு வைக்கிற மாதா சுரூபம் வீடு வீடாகப் போவதுபோல, ஒரு வாரம் சலேத்தம்மாள் வீட்டிலும் ஒரு வாரம் ரெஜினாள் வீட்டிலுமாகச் செப்பு இருக்கட்டும், ஞாயிற்றுக்கிழமைப் பூசை முடிந்து கைமாறட்டும், யாரும் அதிகநேரம் கேட்டு உள்ளே இருக்கிற கடலை வெளியே தள்ளிவிட வேண்டாம் என்று சொல்லி முடித்தார்.

சலேத்தம்மாள் தன் வாரம் தொடங்கும்போது தெருப் பெண்களையெல்லாம் கூட்டி வைத்துக்கொண்டு, முற்றத்தில் பாய் விரித்து, கொஞ்சநேரம் தான் கேட்டு, பிறகு ஆளுக்கு ஒரு நொடி கொடுப்பாள், எல்லோரும் சேர்ந்து அழுது, ஜெபமாலை சொல்லிக் கலைவார்கள். ரெஜினாள் தனியாகக் கேட்பாள், வேலைக்குப் போகும் முன்னால் ஒரே ஒருமுறை, ஒரு மிடறு தண்ணீர் குடிப்பதுபோல. ஆனால் அடுத்த வாரமே, கடலுக்குப் பின்னால் வேறு நினைப்புகள் ஒட்டியிருப்பது அவளுக்குக் கேட்டது. 'அருள்நிறைந்த மரியே. முட்டி வலிக்குது. இவ எதுக்கு இம்புட்டுச் சத்தமா அழுதா, இவ மவனா செத்தான். ரெஜினா களத்துக்குப் போயிட்டாளாம். புருசன் செத்தவ மாதிரியா நடக்கா.'

ரெஜினாளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. நேரில் கேட்க மனசில்லை, கேட்க வேண்டிய அவசியமும் இல்லை. செப்பைக் காதில் வைத்து, 'நான் களத்துக்குப் போகாட்டா மீனு தானா காயுமா, உட்கார்ந்து அழ எனக்கு ஆள் சோறு போடுதா' என்று நினைத்து அனுப்பினாள். மறுவாரம் பதில் இருந்தது. 'கேட்டுட்டா போல. கேக்கட்டும். சொன்னது தப்புதான். அவ கை எல்லாம் வெடிச்சுக் கிடக்கு.' அதற்கடுத்த வாரம் ரெஜினாள், தேங்காயெண்ணெய் தடவினால் சரியாகிவிடும் என்று நினைத்தாள். இப்படி, தெருவில் எதிரெதிரே வந்தால் முகத்தைத் திருப்பிக்கொள்கிற இரண்டு பெண்கள், செத்துப்போன ஒருவனின் நினைப்புக்குப் பின்னால் நின்று ஒருவரை ஒருவர் விசாரித்துக்கொண்டார்கள். ஊரும் அதை அதிசயமாகப் பார்க்கவில்லை. இந்த வாரம் ரெஜினாவுக்கு இடுப்புப்பிடிப்பாமே, செப்பில் இருந்ததாமே என்று கசாயம் கொண்டுவந்து கொடுத்தார்கள்.

மாசி மாதம். ரெஜினாளின் வாரம். காலையில் செப்பைத் திறந்தாள். கடல் வந்தது, மெட்டு வந்தது, தண்ணீர் வந்தது, சலேத்தம்மாளின் ஜெபம் வந்தது, பக்கத்து வீட்டுப் பெண்களின் கொசுறு வந்தது. எல்லாம் முடிந்து மூடப்போன நேரத்தில், கடைசியாக, இதுவரை கேட்டிராத ஒன்று வந்தது.

'யாருமில்ல. ஒருதடவை கேட்டுட்டு வெச்சிருவோம். இது அவனா. தெரியலியே. பசிக்குது. நல்லாப் பசிக்குது. இன்னொருவாட்டி சோறு போட்டா மாமி என்ன நெனைப்பா. நேத்து நல்லாத் தூங்கினேன். அவன் முகம் சரியா வரமாட்டேங்குது. வராதது நல்லாத்தான் இருக்கு. இந்த வீட்டுல மூச்சு முட்டுது. அவன் திரும்பி வந்துட்டா. ஐயோ. வந்துராத. இப்ப நீ வந்துராத. நான் போகணும்.'

ரெஜினாள் மூடியைப் பட்டென்று சாத்தினாள். ஏதோ அடுத்தவர் குளிக்கும் இடத்துக்குள் நுழைந்துவிட்டதுபோல உடம்பு கூசியது. அப்புறம் கோபம் வந்தது. தண்ணீருக்குள் கால் மரத்துப்போய்க் கயிற்றைப் பிடித்துக்கொண்டிருந்தவனிடம் வந்துராத என்று சொல்ல இவளுக்கு எப்படி மனசு வந்தது? அவனாக இருந்தால் என்ன, கஸ்பாராக இருந்தால் என்ன? நாள் முழுக்க மீனைக் கீறினாள், கீறிய மீனெல்லாம் கோணலாகப் போனது.

மறுநாள் ஜெசிந்தாவே களத்துக்கு வந்தாள். கையில் ஒரு கூடை, எதற்காக வந்தாள் என்று யாராவது கேட்டால் கருவாடு வாங்க என்று சொல்வதற்காக. வெயிலில் வந்து நின்றாள்.

"சித்தி, கேட்டீங்களா?"

"கேட்டேன்."

கூடையைக் கீழே வைத்துவிட்டு மணலில் குத்தவைத்து உட்கார்ந்தாள். "உங்க வீட்டுக்கு அனுப்புற அன்னைக்கு மாமி முகம் கழுவப் போயிருந்தாவ. எனக்கு ஒருநாளும் யாரும் கொடுத்ததில்ல சித்தி. ஒரே ஒருதடவை அவரு என்ன நெனைச்சாருன்னு கேப்போம்னுதான் எடுத்தேன். நான் எதையும் நெனைக்கக் கூடாதுன்னுதான் இருந்தேன். அதுவா வந்துருச்சு."

"அதுவாத்தான் வரும்."

"நான் நெஜமாவா அப்பிடி நெனைக்கேன்? அவரு ஒண்ணும் கெட்டவரு இல்ல. எனக்குப் பழகவே நேரம் இல்ல. பழகுறதுக்குள்ள போயிட்டாரு. ஞாயித்துக்கிழமை மாமி எல்லாரையும் வெச்சிக்கிட்டுக் கேப்பாவ சித்தி. மாமிக்கு வேற யாரு இருக்கா? அதைக் கேட்டா செத்துப்போவாவ."

ரெஜினாள் கத்தியைக் கழுவினாள். இந்தப் பெண்ணுக்கு என்ன வயசு இருக்கும் என்று அன்றைக்குத்தான் முதல்முறையாகப் பார்த்தாள். கன்னத்தில் பருகூட ஆறவில்லை. செத்தவனுக்காக ஊர் அழுதபோது இவள் பசித்துக் கிடந்திருக்கிறாள், பசித்ததற்காக வெட்கப்பட்டுக் கிடந்திருக்கிறாள். கூப்பிட்டா வருகிறது நினைப்பு? ஈ மாதிரி வருகிறது, எங்கே வேண்டுமானாலும் உட்காருகிறது.

"எங்க போகணும் உனக்கு?"

"எங்க அத்தை ஊருல நர்சு படிப்பு இருக்கு. கல்யாணத்துக்கு முந்தியே சேந்திருக்கணும். அப்பாதான், மொதல்ல கல்யாணம்னு…" மேலே சொல்லாமல் மணலைக் கிளறினாள். "செப்பைக் கடல்ல போட்டுருவோமா சித்தி?"

"போட்டா உங்க மாமியும் அது பின்னாடியே போயிருவா. நீ போ. நான் பாத்துக்கிடுதேன். கருவாட்டை எடுத்துக்கிட்டுப் போ, வெறுங்கூடையோட போனா கேப்பாவ."

பார்த்துக்கொள்வதற்கு ஒரே ஒரு வழிதான் இருந்தது. முதலில் போனதுதான் முதலில் வெளியே வரும். ஜெசிந்தாவின் நினைப்பு கடைசியில் கிடந்தது. அதை வெளியே தள்ள வேண்டுமென்றால் அதற்கு முன்னால் இருந்த எல்லாவற்றையும் தள்ள வேண்டும், பெண்களின் கொசுறை, சலேத்தம்மாளின் ஜெபத்தை, எல்லாவற்றுக்கும் முதலில் அந்தக் கடலை. கயிறை விடாத என்று சொன்னவனை. ரெஜினாள் அன்றைக்கும் ஒன்றும் செய்யவில்லை, அதற்கு மறுநாளும் செய்யவில்லை. செப்பு மாடத்தில் இருந்தது, போகிறபோதும் வருகிறபோதும் அதைப் பார்த்தாள். சனிக்கிழமை காலை அதை எடுத்துக்கொண்டு களத்துக்குப் போய், உப்புத் தொட்டிப் பக்கத்தில் உட்கார்ந்து, மூடியைத் திறந்து காதில் வைத்தாள்.

'அலை கறுப்பா வருது. கால் மரத்துப் போச்சு.' இத்தனை நாள் கேட்டும் யார் என்று தெரியவில்லை. தண்ணி நீலம் என்று ஒரே ஒருமுறை அதில் இருந்திருந்தால் போதும், அவள் அதை வெளியே விட்டிருக்கமாட்டாள், ஊரே வந்து கேட்டாலும் விட்டிருக்கமாட்டாள். ஆனால் அன்றைக்கு அலை கறுப்பாகத்தான் இருந்தது, கறுப்பை நீலம் என்று நினைக்கிறவன் இல்லை கஸ்பார். மெட்டு வந்தது. அதைக் கூடவே முனக முயன்றாள், பிடிபடவில்லை, முனகிக்கொண்டிருக்கும்போதே தண்ணீர் வந்து முடிந்துபோனது. காதிலிருந்து எடுத்தாள். கண்ணைத் துடைத்துக்கொண்டு, மூடியைத் திறந்தபடியே செப்பை மடியில் வைத்துக்கொண்டு நினைக்கத் தொடங்கினாள்.

அது அவ்வளவு லேசாக இல்லை. எதை நினைக்கக் கூடாது என்று உட்கார்ந்தாளோ அதுவே வந்து நின்றது. வந்துராத என்ற சொல் வந்தது, துரத்தினாள், துரத்தியதும் சேர்ந்து உள்ளே போனது. மாதாவை நினைத்தாள், மாதா ஜெசிந்தாவின் முகத்தோடு வந்தாள். வெயில் ஏறிக்கொண்டிருந்தது, கூடைகளில் மீன் கெட்டுக்கொண்டிருந்தது. கடைசியில் எரிச்சல்பட்டு எழுந்து, செப்பைத் திறந்தபடியே கீறுபலகைக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு வேலையைப் பார்க்க உட்கார்ந்தாள். வாலை நறுக்கினாள், செவுளை இழுத்தாள், வயிற்றைக் கீறினாள், உப்பைத் தேய்த்தாள், புரட்டிப் போட்டாள். கை போன வழியில் மனசு போனது. வெயில் சாய்ந்து, கடைசிக் கூடையும் காலியாகி, இடுப்பை நிமிர்த்தி எழுந்தபோதுதான் பக்கத்தில் செப்பு இருந்தது நினைவுக்கு வந்தது. அதை மூடினாள். உள்ளே என்ன இருக்கிறது என்று கேட்கவில்லை. கேட்டால் இன்னும் என்ன போய்ச் சேருமோ.

ஞாயிறு பூசை முடிந்து சலேத்தம்மாள் வீட்டு முற்றத்தில் பாய் விரித்திருந்தார்கள். வழக்கத்தைவிடக் கூட்டம், தவக்காலம் என்பதால். ரெஜினாள் செப்பை நீட்டியபடியே நின்றாள்.

"மதினி, ஒண்ணு சொல்லிருதேன். நேத்து வேலை நேரத்துல இதைத் தெறந்து பக்கத்துல வெச்சிருந்தேன். பழசெல்லாம் போயிருச்சு. கடலும் போயிருச்சு. இப்ப உள்ள கிடக்கது நான் மட்டுந்தான்."

ஒருத்தி மார்பில் அறைந்துகொண்டாள், ஒருத்தி பாவி என்றாள், ஒருத்தி உன் புருசனும்தானே அதில் இருந்தான், உனக்கு நெஞ்சா கல்லா என்று கேட்டாள். வாசல்நிலையில் சாய்ந்து நின்ற ஜெசிந்தாவின் முகத்தில் ரத்தமே இல்லை. சலேத்தம்மாள் எழுந்துவந்து, ரெஜினாளின் முகத்தை ஒருமுறை பார்த்து, செப்பை வாங்கிக்கொண்டுபோய்ப் பாயில் உட்கார்ந்து காதில் வைத்தாள்.

'வாலை நறுக்கு. செவுளை இழு. உப்பு. இந்த உப்பு ஈரம். காக்கா வருது, சூ. வாலை நறுக்கு. இவ்வளவு பெரிய சாளையைப் பாத்தா அவன் ஓடியே போயிருவான். மொதமொதக் கடலுக்குப் போன அன்னைக்கு, கரையில கால் வெச்சதும் என் முந்தானையிலேயே வாந்தி எடுத்தான், எடுத்துட்டு ஒரு சிரிப்பு, அந்த ஓட்டைப் பல்லைக் காட்டிக்கிட்டு. உப்பு. கத்தி மழுங்கிப் போச்சு, அவுக இருந்தா தீட்டிக் கொடுத்திருப்பாக. உப்புக் கையால கண்ணைத் தொடக் கூடாது. திருப்பிப் போடு. இவனுக்கு நீச்சல் பழக்குறேன்னு அவுக கழுத்தளவு தண்ணியில நின்னுக்கிட்டு, நான் கரையில நின்னு கத்திக்கிட்டு. ரெண்டு பேரும் ஒண்ணாத்தான் போயிருப்பாக. ஒருத்தரை விட்டுட்டு ஒருத்தர் வரமாட்டாக. வாலை நறுக்கு. நெனைக்காத. அந்தச் சின்னது போகட்டும். அத்தை ஊருல நர்சு படிக்கப் போகட்டும். அது என்ன தப்புப் பண்ணிச்சு. பசிக்கத்தானே செய்யும். மதினிக்குத் தெரிய வேண்டாம், தாங்கமாட்டா. செவுளை இழு. உப்பு.'

சலேத்தம்மாள் வெகுநேரம் அப்படியே உட்கார்ந்திருந்தாள். ஒருமுறை கண்ணைத் திறந்து வாசல்நிலையைப் பார்த்தாள், அங்கே நின்றவள் தலையைக் குனிந்துகொண்டாள். ஒருமுறை ரெஜினாளைப் பார்த்தாள். பிறகு மூடியைச் சாத்தினாள்.

"என்ன கேக்கு?" என்றார்கள் பெண்கள்.

"கருவாடு."

"வேற?"

"வேற என்ன? முழுக்கக் கருவாடு. நாத்தம் தாங்கல."

"எங்ககிட்டயும் கொடுங்க, ஆளுக்கு ஒரு வார்த்தை…"

"நாறுற கருவாட்டை ஆளாளுக்கு மோந்து பாக்கணுமாக்கும்? எந்திரிங்கட்டி, யாரு வீட்டுலயும் உலை வைக்கலியா?" என்று சலேத்தம்மாள் பாயைச் சுருட்ட ஆரம்பித்தாள். உட்கார்ந்திருந்தவர்கள் எழுந்து, முணுமுணுத்துக்கொண்டே, மூடியாச்சா மூடியாச்சா என்று ஒருத்திக்கொருத்தி விசாரித்துக்கொண்டே போனார்கள்.

முற்றம் காலியானது. செப்பு சலேத்தம்மாளின் இடுப்பில் செருகியிருந்தது.

"ஏட்டி, சாப்பிட்டியா?"

"இல்ல மாமி."

"போட்டுச் சாப்பிடு. வயிறு நெறையச் சாப்பிடு. யாரு என்ன நெனைச்சா உனக்கு என்ன?" சலேத்தம்மாள் சுருட்டிய பாயைச் சுவரில் சாய்த்தாள். அது சரிந்தது, மறுபடி சாய்த்தாள். "உங்க அத்தை ஊருக்கு பஸ்ஸு எப்ப?"

ஜெசிந்தா அழுதாள். சலேத்தம்மாள் கிட்டே போகவில்லை, போய்த் தொட்டால் தன்னால் அனுப்ப முடியாது என்று பயந்தவள்போல, அடுப்படிக்குப் போய்த் தட்டை எடுத்துவைத்தாள்.

மறுநாள் காலை பஸ் கோயில் முக்கில் வந்து நின்று கிளம்புகிற நேரத்தில் ஊர் பாதி கூடிவிட்டது. வாழவந்த பெண்ணை வருசம் திரும்பும் முன்னே அனுப்புகிறார்களே என்று சொன்னவர்களிடமெல்லாம் சலேத்தம்மாள், நான்தான் அனுப்புகிறேன், எனக்கு முட்டி வலிக்கு ஊசி போட ஒரு ஆள் வேண்டாமா என்று பதில் சொன்னாள். ஜன்னல் வழியாக ஒரு பொட்டலத்தை உள்ளே கொடுத்து, கண்டக்டரிடம், பிள்ளையை அதன் அத்தை வீட்டு வாசல் தெரிகிற இடத்தில் இறக்கிவிட வேண்டும் என்று கண்டிப்பாகச் சொன்னாள். ஜெசிந்தா ஜன்னலுக்குள்ளிருந்து அவள் கையைப் பிடித்துக்கொண்டே இருந்தாள், பஸ் நகர்ந்து கை தானாக விடுபடும் வரை.

புழுதி அடங்கியபோது முக்கில் இரண்டு பெண்கள் மட்டும் நின்றார்கள். இருவர் கையிலும் ஒன்றும் இல்லை.

"ஏளா ரெஜினா," என்றாள் சலேத்தம்மாள். "வாந்தியா எடுத்தான்? எங்கிட்டச் சொல்லவே இல்லியே அவன்."

"சொல்லக் கூடாதுன்னு சத்தியம் வாங்கிட்டான் மதினி. அவுகளும் சொல்லக் கூடாதுன்னுட்டாக. கடலுக்குப் பயந்தவன்னு ஊரு சிரிக்குமாம்."

சலேத்தம்மாளுக்கு உதடு கோணியது, அழுகைக்கா சிரிப்புக்கா என்று தெரியாமல் கொஞ்சம் நின்றது, சிரிப்பாகவே முடிந்தது. "திருட்டுப் பய. இன்னும் என்னென்ன வெச்சிருக்க எனக்குத் தெரியாம?"

"இருக்கு மதினி. நெறைய இருக்கு."

"வெயிலுக்கு முந்தி வீடு போய்ச் சேரணும்," என்று சொல்லிவிட்டு சலேத்தம்மாள் அவள் தோளில் கைபோட்டுக்கொண்டு, வலிக்கிற காலை முன்னால் எடுத்துவைத்தாள். "வா. நடந்துக்கிட்டே சொல்லு. மெதுவா நட, மெதுவாச் சொல்லு."